கட்டவிழ்த்தான் மரம்

கட்டவிழ்த்தான் என்றொரு மரம் இல்லை. திண்டிவனம் வட்டத்தில் இல்லை, விழுப்புரம் மாவட்டத்தில் வேறெங்கும் இல்லை, உலகத்தின் எந்தக் காட்டிலும் இல்லை. ஒலக்கூரிலிருந்தும் திண்டிவனத்திலிருந்தும் விழுப்புரத்துக்கு வேலைக்குப் போகிற சிலர், காலை பாசஞ்சர் வண்டியில் எதிரெதிர் இருக்கைகளில் உட்கார்ந்து பேசிப் பேசி உண்டாக்கிய மரம் அது. அந்தச் சிலரில் நானும் ஒருவன். இல்லை என்று தெரிந்துகொண்டுதான் அதைப் பற்றி எழுதுகிறேன்.

எழுத வேண்டாம் என்று சொன்னவர்கள் உண்டு. எங்கள் பக்கத்து ஏரி எந்த வருடம் நிரம்பிக் கோடி போனது, எந்தப் பாலத்தின் கைப்பிடிச் சுவர் எப்போது விழுந்தது, பெருமுக்கல் மலைக்கோயில் படிகளை எப்போது செப்பனிட்டார்கள் என்று நாள் குறித்து வைப்பது என் பழக்கம். திண்டிவனத்தில் இப்படிப்பட்ட பழக்கம் உள்ளவர்கள் மாதம் ஒருமுறை கூடுவோம். அந்தக் கூட்டத்தில் இந்த மரத்தைப் பற்றிப் படிக்கப்போகிறேன் என்றதும் ஒருவர் சிரித்துவிட்டார்.

"இல்லாத மரத்துக்கு எதுக்கு சார் வரலாறு?"

"போன மாசம் நீங்க ஒரு குளத்தைப் பத்திப் படிச்சீங்களே, அது எங்க சார் இருக்குது?" என்றேன்.

"அந்த எடத்துல இப்ப கல்யாண மண்டபம் இருக்குது. ஆனா குளம் இருந்தது சார்."

"மரமும் இருந்தது. காலை வண்டியில, எங்க சீட்டுல."

கூட்டம் அதோடு கலைந்தது. கட்டுரையை நான் அங்கே படிக்கவில்லை. இங்கே எழுதுகிறேன். ஒரு விஷயத்தில் மட்டும் என் பழக்கத்தை விட்டுவிடுகிறேன்: நாளும் வருடமும் போட மாட்டேன். போட்டால் எந்த வண்டி, எந்தப் பெட்டி, யார் யார் என்று கண்டுபிடிக்க ஒரு பொழுது போதும். மாதங்களை மட்டும் சொல்கிறேன். அவை சரியானவை.

ரயிலில் தினமும் போகிறவர்களுக்குப் பெயர் கிடையாது. வேலை பார்க்கும் இடமோ ஊரோ பெயராகிவிடும். எங்களில் ஒரு பெண் விழுப்புரத்தில் ரத்தப் பரிசோதனைக்கூடம் ஒன்றில் ஊசி போட்டு ரத்தம் எடுப்பவர். அவர் 'லேப்'. ஒலக்கூரில் ஏறுவார். கடலோரக் குப்பத்திலிருந்து விடியற்காலையில் பஸ் பிடித்துத் திண்டிவனம் வந்து வண்டி ஏறும் இளைஞர் ஒருவர். அப்பாவும் அண்ணன்களும் கடலுக்குப் போகிறவர்கள். இவர் மட்டும் விழுப்புரத்தில் குளிர்பதனப் பெட்டி பழுதுபார்க்கிறார். அவர் 'மரக்காணம்'. நான் 'தேதி'. அது கிண்டலாக வைத்த பெயர்தான். எனக்குக் கோபம் வந்ததில்லை.

லேப் வளர்ந்த காலனிக்கும் நான் பிறந்த காலனிக்கும் நடுவில் ஒரு ஏரிதான். இதை நாங்கள் இருவரும் முதல் வாரத்திலேயே பேசித் தெரிந்துகொண்டோம். எப்படிக் கேட்டால் எது தெரியவரும் என்பது எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் பழகிய கலை.

கதை தொடங்கியது ஒரு சித்திரை மாதம். எக்ஸ்பிரஸுக்கு வழிவிட, பேரணிக்கு முன்னால் வண்டியை நிறுத்திவிட்டார்கள். மின்விசிறி ஓடவில்லை. போனில் டவர் இல்லை. வெயில் ஜன்னல் கம்பியைத் தாண்டி மடியில் விழுந்தது. மரக்காணம் கிழக்கு ஜன்னலைக் காட்டி, "அந்தாண்ட ஒரு நாடு இருக்குது, அங்க வண்டி நிக்கவே நிக்காது" என்றார். "நிக்கலன்னா எப்படி எறங்குவ?" என்று லேப் கேட்டார். "ஊருதான் வண்டிகிட்ட வரும்" என்றார் மரக்காணம். எக்ஸ்பிரஸ் கடந்து எங்கள் வண்டி நகர்வதற்குள் அந்த நாட்டுக்கு ஒரு ஆறு, ஒரு சந்தை, உப்பு விற்கும் ராணி ஒருத்தி எல்லாம் வந்துவிட்டன. நாட்டுக்குப் பெயர் அந்தாண்டை; எங்கள் பேச்சில் அந்தப் பக்கம்.

அதன் பிறகு தினமும் ஏதாவது ஒன்று சேரும். விதி ஒன்றுதான்: ஒருவர் சொல்லி மற்றவர் ஒப்புக்கொண்டதைப் பின்னால் யாரும் மாற்றக் கூடாது. எது ஒப்புக்கொண்டது, எது வெறும் பேச்சு என்று நினைவு வைத்துச் சொல்வது என் வேலை.

மரம் வந்தது வைகாசி கடைசியில். பழைய சாலையோரத்தில் மிச்சமிருக்கும் புளியமரங்கள் ஓரிடத்தில் தண்டவாளத்துக்குப் பக்கமாக வரும். அடிமரத்தில் வெள்ளையடித்து அதன்மேல் கறுப்பில் எண் போட்டிருக்கும். எண் போட்ட மரத்தின் காய் ஏலம் எடுத்தவருக்கு. உலுக்கக் கூடாது, உதிர்ந்து கிடப்பதைப் பொறுக்கவும் கூடாது. சிறுவயதில் புளியம்பழத்துக்காகத் துரத்தப்படாதவர் எங்கள் பக்கத்தில் யாரும் இருக்க முடியாது. லேப் அந்த மரங்கள் போகும்வரை பார்த்துவிட்டுச் சொன்னார்:

"அந்தாண்ட ஒரு மரம் இருக்குது. அதுல நம்பர் நிக்காது."

"ஏங்க்கா, எண்ணெ தடவி வெச்சிருக்குதா?" என்றார் மரக்காணம்.

"நம்பர் நிக்காது. ஆணி நிக்காது. கயிறு நிக்காது. காலைல இன்னா கட்டினாலும் சாயந்தரத்துக்குள்ள அவுந்துக்கும்."

"மாடு கட்டினா?"

"மாடு அதுபாட்டுக்குப் போய்க்கினே இருக்கும்."

"மனுசன கட்டினா?"

மரக்காணம் விளையாட்டாகத்தான் கேட்டார். லேப் விளையாட்டாகப் பதில் சொல்லவில்லை.

"அதுக்குத்தான் அந்த மரமே."

நான் "ஒப்புக்கொண்டாச்சு" என்றேன். பெயரை மரக்காணம் வைத்தார்: கட்டவிழ்த்தான்.

இனி மரத்தைப் பற்றி எங்களுக்குத் தெரிந்தது. கட்டவிழ்த்தான் யாருடைய பட்டா நிலத்திலும் முளைக்காது. ஏரிக்கரை, வாய்க்கால் மேடு, சாலையோரம் இவற்றில்தான் வரும். பனைக்குக் கொஞ்சம் குறைந்த உயரம். பட்டை, மழையில் நனைந்த பலகைக்கல்லின் நிறம். இந்த மரம் மூச்சு விடும். உச்சிவெயில் சாய்ந்த பிறகு ஒரு பெருமூச்சு. அப்போது அடிமரம் ஒரு கட்டைவிரல் அளவு சிறுத்து மறுபடி பருக்கும். எவ்வளவு இறுக்கிக் கட்டிய கயிறும் அந்த நேரத்தில் தொளதொளத்துக் கீழே விழும். அடித்த ஆணிகளை மறுநாள் விடியலில் வெளியே தள்ளிவிடும். அந்தாண்டையின் கொல்லர்கள் காலையில் மரத்தடிக்கு வந்து இரும்பு பொறுக்கிக்கொண்டு போவார்கள். பட்டையின் மேல்தோல் தினமும் மாவுபோல உதிர்வதால் பூசிய எதுவும் தங்காது.

இலை, விரித்த கையைப் போல ஐந்து பிரிவு. மேல்பக்கம் பச்சை, அடிப்பக்கம் கேப்பை மாவின் நிறம். ஆடிக் காற்றில் பூக்கும். அடியில் நிற்பவருக்குப் பூவின் வாசனை தெரியாது. கடந்து போகிறவருக்கு மட்டும்தான் தெரியும். காய் புளியங்காய்போல இருக்கும். உடைத்தால் உள்ளே பச்சை மல்லாட்டையை, அதாவது நிலக்கடலையை, கடித்தால் வருகிற பாலும் இனிப்பும். எண்ணிக்கொண்டு நிற்பவன் எதிரே ஒரு காயும் விழாது. அதனால் அந்த மரத்தை ஏலம் விட வழியில்லை.

நான் பல மொழிக் கதைகள் படித்தவன். நூலகத்தில் கிடைத்த கற்பனை நாடுகள் ஒன்றையும் விட்டதில்லை. அங்கெல்லாம் மாய மரங்கள் அரசகுமாரனுக்கு வழிவிடும், தவம் செய்தவனுக்கு வரம் கொடுக்கும், வாளை ஒளித்து வைத்துக் காத்திருக்கும். ஆடு மேய்க்கிறவன் எங்கே தழை ஒடிப்பான் என்று கவலைப்பட்ட மாய மரத்தை நான் எந்தப் புத்தகத்திலும் பார்த்ததில்லை. எங்கள் மரம் அவற்றுக்கெல்லாம் குறைந்தது என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

நல்ல மரம் என்றாலும் தொல்லை உண்டு. முதல் தொல்லையைக் கிளப்பியவன் நான்தான். "எதுவும் கட்ட முடியாதுன்னா தூளியும் கட்ட முடியாதே. களையெடுக்கப் போற பொம்பளைங்க கொழந்தையை எங்க போடுவாங்க?" என்று கேட்டேன். லேப் விழுப்புரம் வரும்வரை ஜன்னல் வழியே மரங்களைப் பார்த்துக்கொண்டே வந்தார். மறுநாள் நான் திண்டிவனத்தில் ஏறும்போதே பதிலோடு காத்திருந்தார். "வேரு மேல எழும்பி, நடுவுல பள்ளமா இருக்கும் சார். ஒரு கொழந்தை படுக்கற அளவுக்கு. கட்டவே வேணாம்." ஒப்புக்கொண்டேன்.

இரண்டாவது தொல்லை மரக்காணத்தினுடையது. "அந்த மரத்துல மீன் புடிக்கிற போட்டு செஞ்சா?"

"செய்யலாம்."

"கரையில கட்ட முடியாதேக்கா."

"முடியாது. தானா கடலுக்குப் போய்டும்."

"மீனு?"

"அதுவே புடிச்சிக்கினு வந்துடும்."

"அப்ப எங்கப்பனும் அண்ணனும் இன்னா பண்றது? பேஜாரு புடிச்ச மரமா இருக்குதே! இத வெட்டிப் போடு மொதல்ல."

"வெட்டிப் பாரேன். கோடாலிக்குக் காம்பு நிக்காது."

பக்கத்து இருக்கைக்காரர்கள்கூடச் சிரித்தார்கள்.

ஆடி மாதம் ஒருநாள் மரக்காணம் வரவில்லை. நாங்கள் இருவர் மட்டும் இருந்தோம். அன்றுதான் லேப் தன் அப்பாவைப் பற்றிச் சொன்னார். அவர் விவசாயக் கூலி. இன்றும் வேலைக்குப் போகிறார். இளம் வயதில் ஆட்டுக்குத் தழை ஒடித்தார் என்பதற்காக, ஒடித்த மரத்திலேயே அவரைக் கட்டிப்போட்டிருக்கிறார்கள். காலையில் கட்டி, வெயில் தாழ அவிழ்த்துவிட்டார்களாம்.

"எங்கப்பா அத சிரிச்சிக்கினேதான் சொல்லுவாரு சார். கட்டினது கூடப் பரவால்ல, எறும்புதான் பேஜாருன்னு."

எந்த வருடம் என்று கேட்டேன். கேட்காமல் இருக்க எனக்குத் தெரியாது. அவர் அன்று இரவு வீட்டில் கேட்டுவந்து மறுநாள் சொன்னார்: "கேப்பை அறுப்பு நடந்துக்கினு இருந்துச்சாம். அவ்ளோதான் சொன்னாரு. நம்ம மரத்தைப் பத்தி அவருகிட்ட சொன்னேன் சார்."

"என்ன சொன்னார்?"

"'கயிறு நிக்காதா, நெசமாவா?'ன்னாரு. ரெண்டு வாட்டி கேட்டாரு."

புரட்டாசி பிறந்தது. தினமும் ரயிலில் போகிறவர்களுக்கு அது பெரிய மாதம். ஆயுத பூஜை விடுமுறைக்கு முந்தின வேலைநாளில் பெட்டியிலேயே பூஜை போடுவது எங்கள் தடத்தில் வழக்கம். வாசலுக்கு இரண்டு பக்கமும் வாழைக்கன்று, ஜன்னலுக்கு ஜன்னல் மாவிலைத் தோரணம், கலர் காகிதம், சுவரில் சாமி படங்கள். வண்டிக்குள் நெருப்பு கூடாது என்பதால் பேட்டரி விளக்கு. ரயில் ஓட்டுநருக்கு மாலை, என்ஜினுக்குச் சந்தனப் பொட்டு, திண்டிவனத்தில் நடைமேடையில் பூசணிக்காய். எல்லாவற்றையும் முன்னின்று நடத்துபவர் எங்கள் பெட்டியில் வரும் ஒரு பெரியவர். கிடங்கு ஒன்றில் கணக்குப் பார்க்கிறார். 'கிடங்கு சார்' என்போம். அவர் உழைப்பைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். முதல்நாள் இரவு தூங்காமல் வாழைக்கன்று ஏற்றுகிறவர் அவர்தான்.

ஆனால் எங்கள் இருக்கைக்கு வருவது பொரிப் பொட்டலம் மட்டும்தான். மாவிலை கட்டவோ சந்தனம் கரைக்கவோ லேபோ நானோ எழுந்தால், "இருங்க இருங்க, நாங்க பாத்துக்கறோம்" என்று சொல்லிவிடுவார்கள். மரியாதையாகத்தான் சொல்வார்கள். காரணம் சொல்ல மாட்டார்கள். காரணம் எல்லோருக்கும் தெரியும்.

அந்த வருடம் லேப் சொன்னார்: "இந்த வாட்டி நான் கட்டவிழ்த்தான் கொண்டாறப் போறேன். எங்கப்பா ஒரு கெளை செஞ்சிக்கினு இருக்காரு."

மரக்காணம் சீட்டிலேயே குதித்தார். நான் போய்க் கிடங்கு சாரிடம் முறையாகச் சொன்னேன். அவர் எங்கள் இருக்கைக்கே வந்தார்.

"இன்னாம்மா அது, இன்னாவோ மரமாமே?"

"கட்டவிழ்த்தான் சார். ஒரே ஒரு கெளை."

"எந்த ஊரு மரம்?"

"அந்தாண்ட ஊரு" என்றார் மரக்காணம்.

"ஏம்பா, பூஜைன்னா ஒரு முறை இருக்குது. வாழை, மாவிலை, தென்னங்குருத்து. நீங்க பாட்டுக்குக் கதை பேசிக்கினு வர்றீங்க, பேசுங்க. அத ஏன் பூஜைல கொண்டாந்து நுழைக்கிறீங்க?"

"கலர் காயிதம் எந்த சாஸ்திரத்துல சார் இருக்குது?" என்று லேப் கேட்டார். "பேட்டரி வெளக்கு?"

"வாய் பேசாதம்மா. பெட்டி எல்லாருக்கும் பொது."

"பொதுன்னா நாங்களும்தான சார்?"

அவருக்கு முகம் மாறியது. "போன வருசம் வரைக்கும் குடுத்த பொரிய வாங்கிக்கினு கம்முனுதான இருந்தீங்க?" என்றார். சொன்ன பிறகு அவருக்கே கொஞ்சம் அதிகமாகப் பட்டிருக்க வேண்டும். குரலைத் தணித்து, "சரி, கொண்டா. வாசலாண்ட வாழைக்கன்னோட சேத்து, பின்னாடி கட்டிடலாம்" என்றார்.

அவர் போனதும் மரக்காணம் கையைத் தேய்த்தார். "ஜெயிச்சாச்சிக்கா! நானே கட்டித் தர்றேன். எங்க குப்பத்து முடிச்சி. பொயலடிச்சாலும் அவுராது."

"கட்டினா அது கட்டவிழ்த்தானா தம்பி?"

மரக்காணம் விழித்தார். "நீயே நாளெல்லாம் ரப்பர் பட்டைல ஊரார் கையக் கட்டி ஊசி குத்துற. ஒரு கெளையக் கட்டக் கூடாதா?"

"நான் கட்டறது ரத்தம் எடுத்ததும் அவுத்துடுவேன். இது அப்படி இல்ல. எங்கப்பா கைல செஞ்ச மரத்த வாழைக்குப் பின்னால கயித்துல கட்டி நான் பாக்கணுமா?" பிறகு என்னைப் பார்த்தார். "தேதி சார், நீங்க சொல்லுங்க. ஒப்புக்கிட்டது இன்னா?"

"கயிறு நிக்காது" என்றேன். "வைகாசியில ஒப்புக்கொண்டது. மாத்த முடியாது."

ஆக, வேண்டாம் என்றதையும் நாங்கள் ஏற்கவில்லை, சரி என்றதையும் ஏற்கவில்லை. இரண்டையும் மறுப்பவர்களை உலகம் பிடிவாதக்காரர்கள் என்று சொல்லும். சொல்லட்டும். அந்த மரம் அந்தப் பெட்டியில் அதுவாகவே வர வேண்டும், கட்டுப்படாமல் வர வேண்டும். லேபுக்கு வேண்டியது அது ஒன்றுதான். அதில் பாதி கொடுத்தால் எதுவும் கொடுத்ததாகாது.

பூஜை நாளன்று அவர் ஒலக்கூரில் ஏறியதை நான் பார்க்கவில்லை. நான் திண்டிவனத்தில் ஏறுபவன். உள்ளே போனபோது எங்கள் இருக்கை இரண்டிலும் வாழைத்தார்களும் பொரி மூட்டையும் இருந்தன. வேண்டுமென்றே வைத்தார்களா, இடமில்லாமல் வைத்தார்களா என்று உறுதியாகத் தெரியாது. தெரியாததைத் தெரிந்ததாக எழுத மாட்டேன். லேப் நடைபாதையில் நின்றிருந்தார். கையில் அவர் உயரத்துக்குக் கிளை.

பனைமட்டைத் தண்டு. அதில் கத்தியால் கீறிக் கீறி, ஒவ்வொரு கீறலிலும் ஓலையில் வெட்டிய ஓர் ஐவிரல் இலை. மேல்பக்கம் பச்சைச் சாயம். அடிப்பக்கம் கேப்பை மாவைக் கரைத்தே பூசியிருந்தார் அந்த மனிதர்.

"ஒரு முடிச்சி கெடயாது சார், பாருங்க" என்று திருப்பித் திருப்பிக் காட்டினார் லேப். "நூலு கூட இல்ல. எல்லாம் சொருவினதுதான்."

சொருகியது என்பதால் வண்டி குலுங்கும்போதெல்லாம் இரண்டு மூன்று இலை உதிர்ந்தது. மரக்காணம் குனிந்து குனிந்து பொறுக்கி மறுபடி சொருகினார். மயிலம் தாண்டியதும் பக்கத்து இருக்கையில் இருந்த, நாங்கள் அதுவரை பேசியே இராத ஒரு அம்மாவும் பொறுக்கித் தர ஆரம்பித்தார். "இன்னா மரம்மா இது?" என்று கேட்டார். லேப் சொல்லச் சொல்ல, "கயிறு நிக்காதா?" என்று அவரும் கேட்டார்.

"ஒக்காரும்மா, எடம் பண்ணித் தர்றேன்" என்றார் கிடங்கு சாரின் ஆள் ஒருவர்.

"மரம் ஒக்காராதுண்ணா."

பேரணியில் பூஜை ஆரம்பித்தது. கிடங்கு சார் சந்தனக் கிண்ணத்தோடு வரிசையாக வந்தார். ஜன்னல் சட்டம், மின்விசிறிக் கூண்டு, அபாயச் சங்கிலியின் பிடி, சாப்பாட்டுப் பைகள், லேப்டாப் பைகள் எல்லாவற்றுக்கும் சந்தனமும் குங்குமமும். எங்களிடம் வந்ததும் கிளையைக் கீழிருந்து மேலே பார்த்தார்.

"இதுல பொட்டும் நிக்காதா?"

"நிக்காது சார்" என்றார் லேப்.

"பாத்துடுவோம்."

தண்டின் நடுவில் அழுத்தி ஒரு சந்தனப் பொட்டு வைத்து, அதன்மேல் குங்குமம் வைத்தார். கையை எடுத்தார். பொட்டு அப்படியே நின்றது. பனைமட்டையில் சந்தனம் ஏன் நிற்காது?

"நிக்குதேய்யா!" என்று பெட்டி முழுவதும் கேட்கும்படி கூவினார். "எல்லாரும் பாருங்க, நிக்குது! இன்னாமோ கதை உட்டாங்க!"

பெட்டி சிரித்தது. அந்தச் சிரிப்பில் வெறுப்பு இருந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனாலும் என் காதுக்குள் சூடு ஏறியது. மரக்காணம் குனிந்து உதிர்ந்த இலைகளைப் பொறுக்க ஆரம்பித்தார். லேப் மட்டும் கிளையைப் பிடித்திருந்த கையை மாற்றிக்கொண்டார். வலது கையில் புடவைத் தலைப்பை எடுத்து, பொட்டை அழுத்தித் துடைத்தார். மஞ்சள் தடம்கூட இல்லாமல் துடைத்தார்.

"எங்க சார் நிக்குது?"

சிரிப்பு நின்றது. கிடங்கு சார் மறுபடியும் பொட்டு வைத்தார். இந்த முறை மரக்காணம் சட்டைக் கையால் துடைத்தார். வெள்ளைச் சட்டை. "நிக்கலயே சார்" என்றார், மிகவும் வருத்தப்பட்டவரைப் போல. மூன்றாவது பொட்டை என் கைக்குட்டையால் நான் துடைத்தேன். நாலாவது பொட்டுக்கு எங்களில் யாரும் அசைவதற்குள், இலை பொறுக்கிக் கொடுத்த அந்த அம்மா எழுந்து வந்து கட்டைவிரலால் வழித்து, தன் நெற்றியில் வைத்துக்கொண்டு போய் உட்கார்ந்தார்.

"மரத்துல நிக்கலைன்னா வீணாக்கறதா? சந்தனம் இன்னா வெல விக்குது" என்றார்.

இப்போது பெட்டி வேறு மாதிரி சிரித்தது. கிடங்கு சார் கிண்ணத்தைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார். "உங்களோட பேஜாராப் போச்சிய்யா" என்று சொல்லிவிட்டு அடுத்த வரிசைக்குப் போனார். பொரி கொடுத்தபோது எங்கள் இருக்கைகளைத் தாண்டித்தான் போனார்கள். முதல் முறையாக அந்தப் பொரியைச் சாப்பிடாமல் விழுப்புரம் போனோம். எனக்குப் பசிக்கவில்லை.

விக்கிரவாண்டிக்கு அப்பால் லேபுக்குக் கை வலித்தது. மரக்காணம் வாங்கிப் பிடித்தார். முண்டியம்பாக்கத்திலிருந்து நான் பிடித்தேன். கிளை கனக்கவில்லை. ஆனால் ஆடும் வண்டியில் எதிலும் சாய்க்காமல், எதிலும் கட்டாமல் ஒன்றை நேராகப் பிடித்துக்கொண்டு நிற்பது சுலபமான வேலை இல்லை. ஜன்னல் வழியாகக் காற்று வந்தபோது ஓலை இலைகள் ஒன்றோடொன்று உரசி, மழை தொடங்குவதுபோல ஒரு சத்தம் எழுந்தது. மரத்தின் சத்தம் எப்படி இருக்கும் என்று நாங்கள் அதுவரை பேசியிருக்கவே இல்லை.

விழுப்புரம் நடைமேடையில் இறங்கியதும் லேப் ஓரமாக நின்று அப்பாவுக்குப் போன் போட்டார். சத்தத்தில் கேட்காததால் ஸ்பீக்கரில் போட்டார்.

"இன்னாம்மா, உட்டாங்களா?"

"உட்டாங்கப்பா. நின்னுக்கினே வந்துச்சி."

"எங்கயும் கட்டலியே?"

"கட்டலப்பா. யாரும் கட்டல."

பிறகு, "சரி, வேலைக்குப் போ, நேரமாவுது" என்று கேட்டது.

மேம்பாலப் படியேறும்போது எனக்கு ஒரு யோசனை வந்தது. நல்ல யோசனை என்றே அப்போது நினைத்தேன். "இன்னைக்கு நடந்ததையும் சேத்துக்கலாம்" என்றேன். "பட்டை மாவா உதிர்றதால இல்ல, யாராவது ஒருத்தர் துடைச்சிக்கிட்டே இருக்கறதாலதான் அந்த மரத்துல எதுவும் நிக்கறது இல்லைன்னு வெச்சிக்கலாம். அர்த்தமா இருக்கும்."

லேப் படியிலேயே நின்றுவிட்டார். கூட்டம் எங்கள் இரண்டு பக்கமும் பிரிந்து ஏறியது. கிளை எல்லார் தலைக்கும் மேலே நின்றது.

"இல்ல சார். நாம தொடைச்சது இந்தாண்ட. இங்க தொடைச்சித்தான் ஆவணும், வேற வழியில்ல. அந்தாண்ட எவனும் தொடைக்க வேணாம், எவனையும் கேக்க வேணாம். அது தானா நிக்காது. அங்கயும் போய் நாமளே தொடைக்கணும்னா, அப்புறம் எதுக்கு சார் அந்த மரம்?"

"ஆமா சார்" என்றார் மரக்காணம். "மாத்தக் கூடாதுன்னு நீதான சொல்லுவ?"

நான் ஒப்புக்கொண்டேன். கட்டவிழ்த்தானில் எதுவும் நிற்காது. தானாகவே நிற்காது. லேப் கிளையை நேராக்கிக்கொண்டு படியேறினார். மேலே திரும்பும்போது ஓர் இலை உதிர்ந்து கூட்டத்தில் எங்கோ விழுந்தது. மரக்காணம் அதைத் தேடிக்கொண்டு இறங்கினார்.